தன்மையில் வராத சொல்

(பட்டிமன்றத் தலைப்பு: 'மனிதன் முன்னேறப் பொறாமை தூண்டுகோலா? முட்டுக்கட்டையா?' - 'முட்டுக்கட்டையே' என்ற அணியில் இரண்டாவதாகப் பேசியது.)



எதிரணியில் ரெண்டு பேர் பேசி முடிச்சிருக்காங்க. ரெண்டு பேருமே நல்லாப் பேசினாங்க. என்ன ஒண்ணு, அவங்க வக்காலத்து வாங்கினது ஒரு ஆளுக்கு. கூண்டில ஏத்தி நிறுத்தியிருக்கிறது வேற ஒரு ஆளை. வங்கியில் அதிகாரியாக இருக்கிற தம்பி என்ன சொன்னார்? அவருடைய நண்பர் ஒருத்தர், மச்சான் மாடி வீடு கட்டினதைப் பார்த்தாராம். ராத்திரி தூக்கம் வரலையாம். கடன் வாங்கி, ஓவர்டைம் பார்த்து, ரெண்டே வருஷத்தில தானும் மாடி எழுப்பிட்டாராம். 'பார்த்தீர்களா, பொறாமை மாடி கட்டிக் கொடுத்தது' என்று சொல்லி உட்கார்ந்தார். நீங்க கை தட்டினீங்க. நானும் தட்டினேன்.

ஆனா தம்பி, அதுக்குப் பேரு பொறாமை இல்லைங்க. ரோஷம்! வைராக்கியம்! கொஞ்சம் படிச்ச வார்த்தையில் சொன்னா, ஊக்கம். அதுக்கு வள்ளுவர் 60-ஆம் அதிகாரத்தைத் தனியாக ஒதுக்கியிருக்கிறார். உங்க நண்பர் அந்த அதிகாரத்தில் குடியிருக்கிற மனுஷன். அவரைக் கையைப் பிடிச்சு இழுத்துட்டு வந்து 17-ஆம் அதிகாரத்தில் உட்கார வச்சுட்டீங்க. (சிரிப்பு)

நான் தமிழ் வாத்தியார். எனக்கு முதல்ல சொல்லைப் பிரிச்சுப் பார்க்கணும். அது ஒரு வியாதி மாதிரி. பூக்காரம்மா 'முழம் இருபது ரூபா'ன்னா, பணத்தை எடுக்கிறதுக்கு முன்னாடி 'முழம்' எங்கேயிருந்து வந்ததுன்னு யோசிப்பேன்.

பொறாமையைப் பிரிங்க. பொறு, ஆ, மை. 'பொறு' என்பது பகுதி. 'ஆ' எதிர்மறை இடைநிலை. 'மை' விகுதி. செய்யாமை, உண்ணாமை மாதிரி இது ஒரு எதிர்மறைத் தொழிற்பெயர். அப்படின்னா, பொறாமைங்கிற சொல்லுக்கு உள்ளே ஆசை இல்லை, போட்டி இல்லை, 'எனக்கும் வேணும்' என்கிற எண்ணமே இல்லை. பொறுக்க முடியலை, அவ்வளவுதான். எதைப் பொறுக்க முடியலை? இன்னொருத்தன் நல்லா இருக்கிறதை. பரிமேலழகர் 'அழுக்காறு'க்கு உரை எழுதும்போது இந்தப் பொருளைத்தான் சொல்கிறார்: பிறருடைய ஆக்கத்தைப் பொறுக்கமாட்டாமை. 'அழுக்கு ஆறு' என்று பிரித்து, சாக்கடை ஓடுகிற ஆறு என்று மேடையில் சொல்லிக் கைதட்டல் வாங்குவது சுலபம். எனக்கு அது வேண்டாம். பரிமேலழகர் கொடுத்த பொருள் போதும்.

'பொறை' என்றால் பொறுமை. அதே 'பொறை'க்குச் சுமை என்றும் ஒரு பொருள் உண்டு. இதை நினைச்சுப் பார்க்கிறப்ப எனக்கு ஆச்சரியமா இருக்கும். சுமக்கிறவனுக்குத்தானே பாரம் தெரியணும்? இங்கே நகை அவ கழுத்தில தொங்குது, வலி இவ கழுத்தில! (கைதட்டல்) அவன் கார் வாங்கி மாசா மாசம் தவணை கட்டறான், மூச்சு வாங்கறது இவனுக்கு! அடுத்தவன் சுமையை, அவன் கேட்காமலே தூக்கித் தலையில வச்சுக்கிட்டு, 'கனக்குதே, கனக்குதே' என்று புலம்புகிறவனுக்கு நம்ம மொழி வச்ச பேருதான் பொறாமைக்காரன்.

வள்ளுவர் அதிகாரங்களை அடுக்கியிருக்கிற வரிசையைப் பாருங்க. 16-ஆம் அதிகாரம் பொறையுடைமை. 17 அழுக்காறாமை. 18 வெஃகாமை. 19 புறங்கூறாமை. வெஃகுதல் என்றால் பிறன் பொருளுக்கு ஆசைப்படுவது. ஆசைக்குத் தனி அதிகாரம், பொறாமைக்குத் தனி அதிகாரம். பொறுமை போனால் பொறாமை வரும், கடைசியில் அது புறங்கூறுதலாக வாய் வழியே வெளியே வரும் என்று அந்த வரிசையை நான் படித்துக்கொள்வது உண்டு. வடமொழிக்காரர்களும் இதில் தெளிவாகத்தான் இருந்திருக்கிறார்கள். உட்பகை ஆறு என்று எண்ணும்போது, பேராசைக்கு லோபம் என்று ஓர் எண். பொறாமைக்கு மாச்சரியம் என்று வேறோர் எண். அசூயை என்றும் ஒரு சொல் உண்டு. அது இல்லாதவள் அனசூயை. நம்ம தெருவுக்குத் தெரு ஒரு அனுசுயா இருக்காங்களே, அந்தப் பேருக்குப் பொறாமை இல்லாதவள்னு அர்த்தம். அவங்க வீட்டுக்காரர்கிட்ட கேட்டுப் பாருங்க, பேர்ப் பொருத்தம் எப்படின்னு! (சிரிப்பு)

நம்ம ஔவைப் பாட்டி ஆத்திசூடியில் 'ஔ' வரிசைக்கு எந்தச் சொல்லை எடுத்தாள் தெரியுமா? 'ஔவியம்'. அதுவும் பொறாமைதான். அரிச்சுவடி படிக்கிற குழந்தைக்கு, அந்த வயசிலேயே, அதைப் பேசாதேன்னு சொல்லி வைக்கிறாள். நினைக்காதேன்னு சொல்லியிருக்கலாம். பேசாதேன்னு சொன்னாள். பாட்டி உலகம் தெரிஞ்சவ.

ஆசை வேற, பொறாமை வேறன்னு வாயால சொன்னா எதிரணி ஒத்துக்காது. வள்ளுவர் அந்த 17-ஆம் அதிகாரத்தில் ஒரு ஆளைக் காட்டுகிறார். ஒருத்தர் கொடுக்கிறார், இன்னொருத்தர் வாங்கிக்கிறார். நடுவில நிக்கிறான் மூணாவது ஆள். பணம் இவனோடது இல்லை. வாங்கறதும் இவன் இல்லை. ஆனா இவனுக்கு வயிறு எரியுது. 'அவனுக்கு எதுக்குய்யா குடுக்கறே?' இதில ஆசை எங்கே இருக்கு? முன்னேற்றம் எங்கே இருக்கு? இப்படிப்பட்டவன் வீட்டில் மகாலட்சுமி இருக்கமாட்டாளாம். அவளுக்கே பொறுக்காதாம். தன் அக்கா மூதேவியைக் கூப்பிட்டு, 'இதோ இருக்கிறான், பார்த்துக்கோ' என்று ஆளைக் காட்டிவிட்டுப் போய்விடுவாளாம். இவன் உலகத்தைப் பொறுக்கலை, அவ இவனைப் பொறுக்கலை. வள்ளுவர் சிரிக்காமல் சொன்ன நகைச்சுவைகளில் இது ஒண்ணு.

வரம் கேட்டவன் கதை உங்களுக்குத் தெரியும். மேடை மேடையாச் சொல்லித் தேஞ்சு போன கதை. நீ என்ன கேட்டாலும் பக்கத்து வீட்டுக்காரனுக்கு ரெண்டு மடங்கு என்றார் கடவுள். 'என் ஒரு கண்ணைப் பிடுங்கிடு சாமி' என்றான். அதைச் சொல்லி எல்லாரும் சிரிச்சுட்டுப் போயிடறோம். கணக்குப் பார்க்கிறதில்லை. அவனுக்கு அதில லாபம் என்ன? ஒரு கண் நஷ்டம். ஆசைக்காரன் நஷ்டத்துக்கு வியாபாரம் பண்ணமாட்டான். பொறாமைக்காரன் பண்ணுவான்.

இன்னும் பெரிய இடத்துக்கு வர்றேன். துரியோதனன். பாரதியார் 1912-இல் பாஞ்சாலி சபதத்தின் முதல் பாகத்தை வெளியிட்டார். அதில் சூதாட்டத்துக்கு முன்னால் துரியோதனன் பொறாமையை விஸ்தாரமாகப் பாடுகிறார். ஏன்? அது புரியலைன்னா மீதிக் கதை புரியாது. துரியோதனனுக்கு என்ன குறை சொல்லுங்க. அஸ்தினாபுரம் அவன் கையில. பாண்டவர்களுக்குப் பங்காக் கிடைச்சது காண்டவப்பிரஸ்தம். வெறும் காடு. எரிச்சு, திருத்தி, நகரம் ஆக்கினாங்க. இந்திரப்பிரஸ்தம் ஆச்சு. ராஜசூய யாகம் பண்ணினாங்க. அந்த யாகத்தில் நாலா திசையிலிருந்தும் அரசர்கள் கொண்டு வந்த காணிக்கைகளை வாங்கி வைக்கிற பொறுப்பை யாருகிட்ட கொடுத்தாங்க? துரியோதனன்கிட்ட!

நம்ம ஊர்ல சொல்லணும்னா, கல்யாண வீட்டில மொய் நோட்டை அவன்கிட்ட கொடுத்துட்டாங்க. (பலத்த சிரிப்பு) தருமர் மரியாதைக்காகத்தான் கொடுத்திருப்பார். ஆனா அவன் நிலைமையை நினைச்சுப் பாருங்க. ஒவ்வொரு மொய்யும் அவன் கையாலேயே வாங்கி, அவனே கணக்கு வைக்கணும். வாங்கி வாங்கிக் கை ஓய்ஞ்சு போச்சு என்று அப்பாகிட்ட வந்து அழுகிறான். கை வலிச்சதுக்கா அழுதான்?

சரி, சூதாட்டத்தில ஜெயிச்சாச்சு. நாடு வந்தாச்சு, நகரம் வந்தாச்சு. ஆசைதான் காரணம்னா அன்னிக்கு ராத்திரி நிம்மதியாத் தூங்கியிருக்கணுமா இல்லையா? இங்கேதான் வனபர்வத்தில் வியாசர் ஒரு கதை வச்சிருக்கிறார். எனக்கு மகாபாரதத்திலேயே ரொம்பப் பிடிச்ச இடங்களில் ஒண்ணு அது. பாண்டவர்கள் காட்டில் மரவுரி கட்டிக்கிட்டுக் கஷ்டப்படறாங்க. இவன் அரண்மனையில இருக்கான். இருந்தும் இருப்புக் கொள்ளலை. கர்ணனும் சகுனியும் யோசனை சொல்றாங்க. மாட்டு மந்தையைக் கணக்கெடுக்கப் போற மாதிரி பாவனை பண்ணி, பெண்டு பிள்ளைகளோட, படை பரிவாரத்தோட, பட்டும் நகையுமா அந்தக் காட்டுக்கே போயி அவங்க கண்ணு முன்னாடி நடமாடிட்டு வருவோம். கோஷயாத்திரை என்று அதற்குப் பெயர். எதுக்கு? அவங்க கஷ்டப்படறதை இவன் பார்க்கணும். இவன் வசதியை அவங்க பார்க்கணும். இந்தக் காலத்துல கைபேசியில ஸ்டேட்டஸ் போடறாங்களே, அது மாதிரி. அவனுக்கு அந்த வசதி இல்லை, நேரிலேயே போக வேண்டியதாப் போச்சு. (சிரிப்பு, கைதட்டல்)

போன இடத்தில் என்ன ஆச்சு? சித்திரசேனன் என்கிற கந்தர்வனோடு தகராறு. கந்தர்வன் இவனைக் கட்டித் தூக்கிட்டான். செய்தி தருமருக்குப் போகுது. பீமன் சொல்றான், 'நல்லதாப் போச்சு, நாம செய்ய வேண்டியதை அவன் செஞ்சுட்டான்' என்று. தருமர் அதட்டுகிறார். நமக்குள்ளே சண்டைன்னா நாம ஐந்து பேர், அவங்க நூறு பேர். வெளியாள் வந்தா நாம நூற்றைந்து பேர் என்கிற கருத்தில் பேசி, தம்பிகளை அனுப்பி மீட்டுக்கொண்டு வருகிறார்.

இப்போ உயிர் பிழைச்சாச்சு. நன்றி சொல்லணுமா இல்லையா? துரியோதனன் தர்ப்பையைப் பரப்பிப் போட்டு உட்கார்ந்துட்டான், சாப்பிடாம செத்துப் போறேன்னு. சாவைக்கூட ஏத்துக்குவான், அவங்க தயவில் பிழைச்சதைப் பொறுக்க முடியலை. ராஜ்யம் கிடைச்சும் தீராதது, உயிர் கிடைச்சும் தீராதது. எதிரணித் தம்பிகளே, இவனை எங்கே தூண்டிச்சு, எங்கே முன்னேத்திச்சுன்னு கொஞ்சம் சொல்லுங்க.

முதல்ல பேசின தம்பி போகிற போக்கில் ஒரு குண்டைப் போட்டுட்டுப் போனார். பொறாமை பெண்களுக்கே உரிய குணமாம். சீரியல் பார்த்தே தெரிஞ்சுக்கலாமாம். (சிரிப்பு) சிரிங்க, சிரிங்க. தம்பி, நான் இதுவரைக்கும் சொன்னதில் துரியோதனன் ஆணா, பெண்ணா? பைபிளில், அப்பா பலவர்ண அங்கி தைத்துக் கொடுத்தார் என்பதற்காக யோசேப்பைக் குழியில் தள்ளி, அப்புறம் விற்றார்களே, அவர்கள் அண்ணன்களா, அக்காக்களா? தாவீதைப் புகழ்ந்து பெண்கள் பாடியதைக் கேட்டு அவன்மேல் ஈட்டி எறிந்தானே, அந்தச் சவுல் ராஜா எந்த சீரியல் பார்த்தான்? இவ்வளவு எதுக்கு, நம்ம கிராமத்து ஜனங்க இந்த நோய்க்கு என்ன பேர் வச்சிருக்காங்க? பங்காளிக் காய்ச்சல்! நாத்தனார்க் காய்ச்சல்னு வைக்கலை, ஓரகத்திக் காய்ச்சல்னு வைக்கலை. பங்காளின்னா யாரு? அண்ணன் தம்பி, சித்தப்பா பெரியப்பா மகன், ஆம்பளை வழிச் சொந்தம். பேர் வச்சது ஊரு. நான் இல்லை. (நீண்ட கைதட்டல்)

அந்தப் பேர்ல இன்னொரு உண்மையும் இருக்கு. டாடா மேல, பிர்லா மேல நமக்குப் பொறாமை வர்றதில்லை. அவங்க எத்தனை கோடி சம்பாதிச்சாலும் பேப்பரைப் படிச்சுட்டு மடிச்சு வச்சுடறோம். பக்கத்து வீட்டுக்காரர் புது ஸ்கூட்டரை வாசல்ல நிறுத்தினா, அன்னிக்குக் காப்பி கசக்குது. இரண்டாயிரத்து முந்நூறு வருஷத்துக்கு முன்னால் கிரேக்க நாட்டில் அரிஸ்டாட்டில் பேச்சுக்கலையைப் பற்றி எழுதிய நூலில் இதைச் சொல்லிவிட்டார். நமக்குச் சமமானவர்கள், நமக்குப் பக்கத்தில் இருப்பவர்கள் மேல்தான் பொறாமை வரும்; எப்போதோ செத்துப்போனவன் மேலோ, எங்கேயோ இருக்கிறவன் மேலோ வராது என்றார். அதைவிட எங்கள் கட்சிக்கு வேண்டிய ஒன்றையும் அதே நூலில் சொல்கிறார். 'என்னிடம் இல்லையே' என்று வருந்துவது ஒன்று; 'அவனிடம் இருக்கிறதே' என்று வருந்துவது வேறொன்று. முதலாவது உள்ளவன் தன்னைத் தகுதியாக்கிக்கொள்வான், இரண்டாவது உள்ளவன் அடுத்தவனைத் தடுப்பான். கிரேக்கத்தில் இரண்டுக்கும் தனித்தனிச் சொல்லே வைத்திருக்கிறார்கள்.

ஆங்கிலத்திலும் என்வி என்று ஒன்று, ஜெலஸி என்று ஒன்று. கல்லூரியில் பிள்ளைகள் குழப்பிக்கொள்வார்கள். என்னிடம் இருப்பது கைவிட்டுப் போய்விடுமோ என்ற பயம் ஜெலஸி. உன்னிடம் இருக்கிறதே என்ற எரிச்சல் என்வி. ஷேக்ஸ்பியரின் ஒத்தெல்லோவுக்கு இருந்தது முதலாவது, மனைவியைப் பற்றிய சந்தேகம். காஸியோவுக்குப் பதவி கிடைத்ததைப் பொறுக்காமல் பக்கத்திலேயே நின்று கலகம் மூட்டுகிறானே இயாகோ, அவனுக்கு இருந்தது இரண்டாவது. நாம் ரெண்டையும் பொறாமைன்னே சொல்லிடறோம். வேண்டியதில்லை. சந்தேகம்னு அழகான சொல் இருக்கு. நம்ம அகப்பாட்டுப் புலவர்கள் ஊடல், புலவின்னு அதைவிட அழகாக் கொடுத்திருக்காங்க.

என்வி என்ற சொல் லத்தீன் இன்விடியாவிலிருந்து வந்தது. அதன் வேர், பார்ப்பது. கெட்ட பார்வை பார்ப்பது. உடனே உங்களுக்கு ஞாபகம் வரணுமே! கண்ணேறு! கண்ணு போடறது! கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது. எங்கேயோ இருக்கிற ரோமாபுரிக்காரனும், பூசணிக்காயில பூதம் எழுதித் தொங்கவிடற நம்ம ஆளும் ஒரே உறுப்பைத்தான் காட்டறாங்க. இத்தாலியக் கவிஞர் தாந்தே, பொறாமைக்காரர்களுக்கு மறுமையில் என்ன தண்டனை கொடுத்தார் தெரியுமா? இரும்புக் கம்பியால் கண் இமைகளைத் தைத்துவிடுகிறார். பார்த்துத்தானே எரிஞ்சே, இனிமே பார்க்காதே! நம்ம கடைக்காரர்கள் அவ்வளவு கொடூரமாப் போறதில்லை. கழுதைப் படத்தை மாட்டி, 'என்னைப் பார் யோகம் வரும்'னு எழுதிடறாங்க. வர்றவன் கண்ணு கழுதை மேல போயிடும், கல்லாப்பெட்டி தப்பிச்சிடும். (சிரிப்பு)

இதையே வியாபாரமாக்கினவங்களும் உண்டு. 1980-களிலும் 90-களிலும் தொலைக்காட்சி பார்த்தவங்களுக்கு ஞாபகம் இருக்கும். ஓனிடா விளம்பரம். கொம்பும் வாலும் வச்ச ஒரு பூதம் வரும். அக்கம்பக்கத்தார் பொறாமைப்படுவார்கள், வாங்கியவர் பெருமைப்படுவார் என்று சொல்லும். அதாவது, நீ பார்த்து ரசிக்க வாங்காதே, அவன் பார்த்து எரிய வாங்கு! நல்லா வித்தது. எதிரணிக்கு இது சாதகமான சாட்சின்னு நினைக்கிறேன், எடுத்துக்கட்டும். ஒரு திருத்தம் மட்டும். அந்த விளம்பரத்தில முன்னேறினது கம்பெனி. பொறாமைப்பட்டவன் அதே நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தான்.

நடுவர் ஐயா, நேரம் பார்க்கிறீங்க, தெரியுது. நான் சொல்ல வந்த முக்கியமான விஷயத்துக்கு இப்பத்தான் வர்றேன்.

தமிழில் இடம் மூன்று. தன்மை, முன்னிலை, படர்க்கை. நான், நீ, அவன். எனக்குக் கோபம் வந்ததுன்னு சொல்றோம். எனக்கு ஆசையா இருக்குன்னு சொல்றோம். பயமா இருக்குன்னுகூட ஆம்பளைங்க சொல்லிடறாங்க. 'எனக்குப் பொறாமை' என்று யாராவது சொல்லிக் கேட்டிருக்கீங்களா? 'உங்க பையனைப் பார்த்தா எனக்குப் பொறாமையா இருக்குங்க' என்று சிரிச்சுக்கிட்டே சொல்வாங்க. அது பாராட்டு. உண்மையில் பொறாமை இருந்தா, அந்த வார்த்தை வாயில வராது. அப்போ வேற வாக்கியம் வரும். 'எனக்கு ஒண்ணும் இல்லை சார், ஆனா ஊருக்கு ஒரு நியாயம் வேணாமா?' 'நான் என்னத்துக்கு எரியணும், அவன் எப்படிச் சம்பாதிச்சான்னு ஊருக்கே தெரியும்.' பார்த்தீங்களா? பொறாமை தன்மையில வரும்போது நியாயம்னு சட்டை மாட்டிக்கிட்டு வருது. படர்க்கையிலதான் சொந்தப் பேரோட வருது. அவனுக்குப் பொறாமை, அவளுக்குப் பொறாமை.

பொறாமை எழுதுகிற இலக்கியத்துக்கு நம்ம ஜனங்க வச்சிருக்கிற பேரைப் பாருங்க. மொட்டைக் கடுதாசி! பக்கத்து வீட்டுக்காரன் பால்கனியை ஒரு அடி தள்ளிக் கட்டிட்டான், உடனே நகராட்சிக்கு ஒரு மனு, பொதுநலன் கருதி. கூட வேலை பார்க்கிறவனுக்குப் பதவி உயர்வு, தலைமை அலுவலகத்துக்கு ஒரு மனு, 'உண்மை விளம்பி' என்ற பெயரில். எல்லா விவரமும் இருக்கும், கையெழுத்து இருக்காது. தன்மையில சொல்ல முடியாத சொல்லுக்குக் கையெழுத்து எப்படிப் போடறது?

படர்க்கையில் இந்தச் சொல் ஒட்டிக்கொண்டால் லேசில் போகாது. மோசார்ட் 1791-இல் முப்பத்தைந்து வயதில் வியன்னாவில் இறந்தார். அரசவை இசைக்கலைஞர் சாலியேரி பொறாமையில் விஷம் வைத்துவிட்டார் என்று ஒரு வதந்தி. 1830-இல் ரஷ்யக் கவிஞர் புஷ்கின் அதை நாடகமாக்கினார். 1984-இல் 'அமேடியஸ்' படம் வந்து உலகம் பூரா பரப்பியது. அந்த சாலியேரியிடம் பாடம் கேட்டவர்களில் பீத்தோவன் ஒருவர், ஷூபர்ட் ஒருவர். இன்னொருவர் யார் தெரியுமா? மோசார்ட்டின் இளைய மகன். விஷம் வச்சவர்கிட்டயா வீட்டுக்காரங்க பிள்ளையைப் பாடத்துக்கு அனுப்புவாங்க? ஆனாலும் இன்றைக்கும் சாலியேரி என்றால் பொறாமை.

நம்ம ஒட்டக்கூத்தருக்கும் இதே கதி. மூன்று சோழ மன்னர்கள் அவையில் இருந்த பெரும்புலவர், மூவருலா பாடியவர். நம்ம கதைகளில் அவர் யார்? புலவர்களைச் சிறையில் போடுகிற பொறாமைக்காரர். கர்ணபரம்பரைக் கதைதான், வரலாறு இல்லை. ஆனால் அதே கர்ணபரம்பரையில் இன்னொரு கதையும் இருக்கிறது. கம்பனுடைய ராமாயணத்தைக் கேட்டுவிட்டு, தான் எழுதிய ராமாயணத்தை ஒவ்வொரு காண்டமாகக் கூத்தர் கிழித்துப் போட்டாராம். கம்பர் ஓடிவந்து கையைப் பிடித்து, மிச்சம் இருந்த உத்தரகாண்டத்தைக் காப்பாற்றினாராம். இந்த ரெண்டாவது கதையை யாரும் மேடையில் சொல்றதில்லை. தன் ஏட்டைக் கிழிக்கிறவன் எப்படிங்க பொறாமைக்காரன் ஆவான்? பொறாமைக்காரன் கம்பன் ஏட்டையல்லவா கிழிச்சிருப்பான்!

இதெல்லாம் செத்துப்போனவங்க கதை. உயிரோடு இருக்கிறவங்ககிட்ட இந்தச் சொல்லை வச்சு என்ன செய்யறோம்னு பாருங்க. ஒரு கல்லூரி. பேர் வேண்டாம். கௌரவ விரிவுரையாளர்னு ஒரு பதவி உண்டு. கௌரவம் பேர்ல இருக்கும், சம்பளத்தில இருக்காது. அதே பாடம், அதே வகுப்பு, அதே விடைத்தாள். ஆசிரியர் கூட்டத்தில் அப்படி வேலை பார்க்கிற ஒரு பெண் எழுந்து, 'கோடை விடுமுறை மாசத்துக்கும் எங்களுக்கு ஏதாவது சம்பளம் தரணும் ஐயா, வீட்டில ரெண்டு குழந்தைங்க இருக்கு' என்று கேட்டது. நிரந்தர வேலையில் இருந்த ஒருவர் சொன்னார், 'உங்களுக்கெல்லாம் எங்க மேல பொறாமை.' நாலு பேர் சிரிச்சாங்க. அந்தப் பெண் உட்கார்ந்துவிட்டது. அதுக்கப்புறம் நடந்த எந்தக் கூட்டத்திலும் அது எழுந்து நான் பார்க்கலை.

வீட்டிலும் இதேதான். ஊர்ல இருந்து இளைய மகனும் மருமகளும் வர்றாங்க. நாலு நாளாப் பாத்திரம் பூராவும் மூத்தவ கழுவறா. அஞ்சாம் நாள் 'அவளும் ஒரு கை வைக்கட்டுமே அத்தை'ங்கறா. என்ன பதில்? 'உனக்கு அவ மேல பொறாமைடி!' கதை முடிஞ்சுது. பாத்திரம் யார் கழுவறதுங்கிற கேள்வி செத்துப் போச்சு, இவ மனசு அழுக்குங்கிறதுதான் பேச்சாப் போச்சு.

அந்தப் பெண் 'அவருக்குச் சம்பளத்தைக் குறைங்க' என்றா கேட்டது? அவருக்கு ஒரு ரூபாய் குறைய வேண்டாம், எனக்கும் கொடுங்கன்னு கேட்டுச்சு. சொல்லிலேயே அளவுகோல் இருக்கு ஐயா. அவன்கிட்ட இருக்கிறது அப்படியே இருக்கட்டும், எனக்கும் வேணும்னா, அது ஆசை, தேவை, உரிமை. எனக்கு வராட்டியும் பரவாயில்லை, அவன்கிட்ட இருக்கக்கூடாதுன்னா, அது பொறாமை. ஊர்ல மொட்டைக் கடுதாசி எழுதறவன் நியாயம்னு பேர் வச்சுக்கறான், நியாயம் கேட்கிறவளுக்குப் பொறாமைன்னு பேர் வச்சுடறோம். இந்தப் பேர் மாறாட்டத்துக்கு எதிரணி இன்னிக்கு மேடை போட்டு, மாடி கட்டினது பொறாமைன்னு சொன்னா, அதை நான் ஒரு சொல் தகராறுன்னு விட்டுட்டுப் போக முடியாது.

மணி அடிச்சுட்டாங்க. ஒரே ஒரு நிமிஷம் ஐயா. எதிரணியில் அடுத்துப் பேசப்போகிற தம்பி, வள்ளுவர் அதே அதிகாரத்தில், பொறாமைக்காரன் செழிப்பா இருக்கிறதும் நல்லவன் கெட்டுப் போறதும் யோசிக்க வேண்டிய விஷயம்னு சொல்லியிருக்காரேன்னு கேட்பார். குறிப்பு எடுத்து வச்சிருக்கார், இங்கேயிருந்தே தெரியுது. (சிரிப்பு) கேட்கட்டும். யோசிக்கச் சொன்னார், பின்பற்றச் சொல்லலை. அதைவிட அவர் எனக்கு வேற ஒண்ணு செய்யணும். இதுவரைக்கும் உங்க அணியில ரெண்டு பேர் பொறாமைக்கு ஆதரவாப் பேசியாச்சு. ஒருத்தர் 'என் நண்பர் ஒருத்தர்' என்றார். இன்னொருத்தர் 'எங்க எதிர் வீட்டுக்காரர்' என்றார். தூண்டுகோல், தூண்டுகோல்னு இவ்வளவு புகழ்கிற சரக்கை ரெண்டு பேருமே சொந்தமா வச்சுக்கலை பாருங்க. அடுத்த தம்பி மைக்குக்கு வந்ததும், மேற்கோள் எல்லாம் அப்புறம் சொல்லட்டும்; முதல் வாக்கியத்தை மட்டும் தன்மையில ஆரம்பிக்கட்டும்.

(கைதட்டல்)